திடலில் தெரிந்த கதாநாயகன்

(நடிகர் ரவிச்சந்திரனின் கலை வாழ்க்கை குறித்துத் தொலைக்காட்சி அரங்கில் வழங்கப்பட்ட உரையின் எழுத்து வடிவம்)



கோலசிலாங்கூர் வட்டாரத்தில் தென்னமரம் தோட்டம், ராஜா மூசா தோட்டம், புக்கிட் ரோத்தான், துவான் மீ, ஹோப்புள், அதற்கும் வடக்கே சுங்கை திங்கி, புக்கிட் தாகார் என்று தோட்டங்களின் பெயர்களை அடுக்கிக்கொண்டே போகலாம். அங்கே பிறந்து வளர்ந்து இன்று அறுபது வயதைக் கடந்து நிற்பவர்களிடம் பழைய நாட்களைப் பற்றிக் கேட்டால், பால் வெட்டு, பெரட்டு, லயத்து வீடு, கோயில் திருவிழா என்று வரிசையாகச் சொல்லி வருவார்கள். அந்த வரிசையில் தவறாமல் இடம்பெறும் இன்னொன்று உண்டு. அதுதான் திடலில் காட்டிய தமிழ்ப் படம்.

சம்பளம் போட்ட வாரத்தில் இரண்டு கம்பங்களை நட்டு வெள்ளைத் துணியைக் கட்டுவார்கள். பொழுது சாய்வதற்கு முன்பே பிள்ளைகள் பாயையும் சாக்கையும் விரித்து இடம் பிடித்துவிடுவார்கள். முன்புறம் இடம் கிடைக்காதவர்கள் துணிக்குப் பின்னால் உட்கார்ந்து, வலது இடதாகத் தெரியும் படத்தைப் பார்ப்பார்கள். ஒரு சுருள் முடிந்து அடுத்த சுருளை மாட்டும் வரையில் கச்சான் விற்பவருக்கு நல்ல வியாபாரம். படம் முடிய நள்ளிரவு ஆகிவிடும். விடியுமுன் பெரட்டுக் களத்தில் நிற்க வேண்டும் என்பது எல்லோருக்கும் தெரியும். ஆனாலும் யாரும் பாதியில் எழுந்து போகமாட்டார்கள்.

அந்தத் துணியில் எம்.ஜி.ஆரும் சிவாஜியும்தான் பெரிய தெய்வங்கள். அவர்களுக்கு நடுவே 1964-ஆம் ஆண்டில் ஓர் இளைஞர் துள்ளிக்கொண்டு வந்தார். நாடகக் கம்பெனியில் வளர்ந்தவர் அல்லர். நீண்ட வசனம் பேசுபவரும் அல்லர். அவர்தான் ரவிச்சந்திரன். ஒரு நடிகனை எது உயர்த்துகிறது, எது இறக்குகிறது, எது அவனை மீண்டும் நிமிர்த்துகிறது என்ற மூன்று கேள்விகளுக்கும் அவருடைய கலை வாழ்க்கையில் பதில் இருக்கிறது.

இந்த மண்ணில் பிறந்தவர்

ரவிச்சந்திரன் கோலாலம்பூரில் பிறந்தவர். இயற்பெயர் ராமன். 1951-ஆம் ஆண்டில் அவருடைய குடும்பம் தமிழகத்துக்குச் சென்று திருச்சியில் குடியேறியது. பள்ளி, கல்லூரி எல்லாம் அங்கேதான்.

அந்தக் காலத்தை நினைத்துப் பார்க்க வேண்டும். ‘ரஜூலா’ போன்ற கப்பல்கள் மலாயாவுக்கும் தமிழகத்துக்கும் இடையே ஆட்களை ஏற்றிக்கொண்டு போய்வந்த காலம் அது. வேலை தேடி இங்கே வந்தவர்கள் உண்டு. ஊரைப் பார்த்துவிட்டு வருவோம் என்று அங்கே போனவர்கள் உண்டு. போய்த் திரும்பாதவர்களும் உண்டு. அப்படிப் போன குடும்பங்களில் ஒன்றின் பிள்ளைதான் பின்னாளில் கதாநாயகனாகத் திரையில் திரும்பி வந்தார். அதனால்தான் மலேசியத் தமிழர்கள் அவரைப் பற்றிப் பேசும்போது மற்ற நடிகர்களுக்குத் தராத ஓர் உரிமையோடு, ‘நம்ம ஊர்ப் பிள்ளை’ என்று சொன்னார்கள்.

அவரைத் திரைக்குக் கொண்டுவந்தவர் இயக்குநர் ஸ்ரீதர். ஆட்களைத் தேர்ந்தெடுப்பதில் ஸ்ரீதருக்குத் தனிக்கண் உண்டு. அடுத்த ஆண்டில் ‘வெண்ணிற ஆடை’ படத்தில் ஜெயலலிதாவைத் தமிழ்த்திரைக்கு அறிமுகப்படுத்தியவரும் அவரே. 1964-ஆம் ஆண்டு பிப்ரவரியில் வெளிவந்த ‘காதலிக்க நேரமில்லை’ படத்துக்கு அவருக்குத் தேவைப்பட்டது துடிப்புள்ள ஒரு புதுமுகம். திருச்சி ராமன் கிடைத்தார். ரவிச்சந்திரன் என்ற பெயரைச் சூட்டியவரும் ஸ்ரீதர்தான்.

பங்களாவுக்கு முன்னால் ஒரு கூடாரம்

‘காதலிக்க நேரமில்லை’ நகைச்சுவைப் படம் என்பது எல்லோருக்கும் தெரியும். பாலையாவிடம் நாகேஷ் பேய்க்கதை சொல்லும் காட்சியை இன்றைய பிள்ளைகளும் ரசிக்கிறார்கள். ஆனால் தோட்டத்து மக்களின் பார்வையில் அந்தப் படத்துக்கு இன்னொரு பொருளும் இருந்தது.

பாலையா ஏற்ற விஸ்வநாதன் பாத்திரம் யார்? ஓர் எஸ்டேட்டின் முதலாளி. ரவிச்சந்திரன் ஏற்ற அசோக் யார்? ஏழை ஆசிரியர் ஒருவரின் மகன், அந்த எஸ்டேட்டில் வேலை பார்ப்பவன். முதலாளியின் மகள்களோடு ஏற்பட்ட தகராறில் அவனுக்கு வேலை போகிறது. அவன் அழுதுகொண்டு மூட்டை கட்டவில்லை. முதலாளியின் பங்களாவுக்கு எதிரே கூடாரம் அடித்துக்கொண்டு, வேலையைத் திரும்பக் கேட்டு ஆடிப் பாடி ஆர்ப்பாட்டம் செய்கிறான். முதலாளியின் பெயரைச் சொல்லியே பாடுகிறான்.

மற்ற ஊர்களில் அது வேடிக்கைப் பாட்டு. லயத்து மக்களுக்கு அதில் வேடிக்கைக்கு மேலேயும் ஒன்று இருந்தது. தோட்டத்தில் வேலை போனால் வேலை மட்டும் போவதில்லை. வீடு தோட்டத்துக்குச் சொந்தமானது, அதுவும் சேர்ந்து போகும். பிள்ளை படிக்கும் பள்ளி தோட்டத்துக்குள் இருக்கிறது, அதுவும் போகும். துரையின் பங்களாவுக்கு எதிரே நின்று குரல் உயர்த்துவது என்றால் எதையெல்லாம் பணயம் வைக்க வேண்டும் என்பது திடலில் உட்கார்ந்திருந்த ஒவ்வொருவருக்கும் தெரியும்.

அதற்கு 23 ஆண்டுகளுக்கு முன்பு, 1941-ஆம் ஆண்டில், கிள்ளான் வட்டாரத் தோட்டங்களில் தொழிலாளர்கள் வேலைநிறுத்தம் செய்தார்கள். அது சிலாங்கூரின் மற்ற தோட்டங்களுக்கும் பரவியது. சீனத் தொழிலாளிக்கு நிகரான கூலி கேட்டார்கள். கள்ளுக்கடையை மூடச் சொன்னார்கள். பிள்ளைகளுக்குக் கல்வி கேட்டார்கள். அந்தக் கோரிக்கைகளில் இன்னொன்றும் இருந்தது. துரையையோ கிராணியையோ வழியில் கண்டால் தொழிலாளி சைக்கிளைவிட்டு இறங்க வேண்டும் என்ற வழக்கத்தை ஒழிக்க வேண்டும் என்பதே அது. முன்னின்று நடத்திய ஆர்.எச். நாதன் கைதுசெய்யப்பட்டு இந்தியாவுக்கு நாடு கடத்தப்பட்டார். துப்பாக்கிச் சூட்டில் ஐந்து தொழிலாளர்கள் உயிரிழந்தனர்.

அந்த நினைவு இருந்தவர்களும் திடலில் இருந்தார்கள். அவர்களுடைய பிள்ளைகளும் இருந்தார்கள். அவர்கள் முன்னால் ஓர் இளைஞன் எஸ்டேட் முதலாளியின் வாசலில் பயமில்லாமல் ஆடுகிறான். கடைசியில் அந்த முதலாளியே ஏமாந்து, அசட்டுச் சிரிப்புச் சிரிக்கிறார். உண்மையில் நடக்காதது வெள்ளைத் துணியில் நடந்தது. அந்தச் சிரிப்பு இரண்டரை மணி நேரத்துக்குக் கிடைத்த ஒரு விடுதலை. ரவிச்சந்திரனின் முதல் வெற்றிக்கு ஸ்ரீதரின் திறமை, விஸ்வநாதன் – ராமமூர்த்தியின் இசை, வின்சென்டின் வண்ண ஒளிப்பதிவு, கோபுவின் நகைச்சுவை ஆகிய எல்லாமே காரணம். ஆனால் தோட்டத்து ரசிகர் மனத்தில் அவரை உட்கார வைத்தது அந்தக் கூடாரம்தான்.

ஏறுமுகம்

முதல் படமே வெள்ளிவிழா கண்டது. அடுத்து வந்தவை வேறு வேறு சுவை கொண்ட படங்கள். ‘இதயக் கமலம்’ (1965) படத்தில், கே.ஆர். விஜயா இரட்டை வேடத்தில் நடிக்க, மனைவியை இழந்து தவிக்கும் கணவனாக இவர் நடித்தார். அதில் துள்ளலுக்கு இடமில்லை, துயரத்தைத் தாங்க வேண்டிய வேடம். ‘குமரிப் பெண்’ (1966), ‘நான்’ (1967), ‘மூன்றெழுத்து’ (1968) ஆகிய மூன்றும் டி.ஆர். ராமண்ணா இயக்கியவை, மூன்றிலும் ஜோடி ஜெயலலிதா. ஏ.வி.எம். தயாரிப்பில் ஏ.சி. திருலோகசந்தர் இயக்கிய ‘அதே கண்கள்’ (1967) கொலைகாரன் யார் என்று கடைசி வரை தவிக்க வைத்த மர்மப் படம்.

இந்தப் படங்களைத் தொகுத்துப் பார்த்தால் ஒன்று விளங்கும். அவருக்கு என்று ஓர் இடம் இருந்தது. எம்.ஜி.ஆரின் படத்தில் கொள்கை இருக்கும். சிவாஜியின் படத்தில் குடும்பமும் கண்ணீரும் இருக்கும். ரவிச்சந்திரனின் படத்தில் இளமை இருக்கும், பாட்டு இருக்கும், மர்மம் இருக்கும். ஊருக்கு உபதேசம் இருக்காது. ஒட்டிய கால்சட்டை, சீவிவிட்ட முடி, உடம்பை வளைத்து ஆடும் ஆட்டம் என்று அறுபதுகளின் இளைஞனை அவர் திரையில் காட்டினார். தீபாவளிக்குத் துணி எடுத்தவர்கள் அதேபோல் தைத்துத் தரும்படி தையற்காரரைக் கேட்ட காலம் அது.

ஆனால் அந்த இடத்துக்கு ஒரு குறையும் உண்டு. இளமையை நம்பி நிற்கும் புகழ் இளமை இருக்கும் வரையில்தான் நிற்கும். 1965-ஆம் ஆண்டில் ஜெய்சங்கர் வந்தார், சிவகுமார் வந்தார். எழுபதுகளில் இன்னும் பலர் வந்தார்கள். ‘உத்தரவின்றி உள்ளே வா’ (1971), ‘புகுந்த வீடு’ (1972), ‘பாக்தாத் பேரழகி’ (1973) என்று அவர் படங்கள் வந்துகொண்டுதான் இருந்தன. அதன் பிறகு கதாநாயக வாய்ப்புகள் குறைந்தன. சண்டை போட்டுக்கொண்டு விலகவில்லை. பெரிய தோல்வி ஒன்றும் இடித்துத் தள்ளவில்லை. காலம் மெதுவாகக் கையை விட்டுவிட்டது. கலைஞனுக்கு இதைவிடக் கடினமான சோதனை கிடையாது.

அதே ஆண்டில் ரஷ்யாவில்

இந்த இடத்தில் ஓர் ஒப்பீடு உதவும். ‘காதலிக்க நேரமில்லை’ வந்த அதே 1964-ஆம் ஆண்டில் ரஷ்யாவில் கோசின்ட்சேவ் இயக்கிய ‘ஹாம்லெட்’ திரைப்படம் வெளிவந்தது. அதில் ஹாம்லெட்டாக நடித்த இன்னொகென்டி ஸ்மொக்துனோவ்ஸ்கியை உலகம் பாராட்டியது.

அவர் 1925-ஆம் ஆண்டில் சைபீரியாவின் ஒரு கிராமத்தில் பிறந்தவர். இரண்டாம் உலகப் போரில் சிப்பாயாகச் சென்று, ஜெர்மானியரிடம் பிடிபட்டுத் தப்பி வந்தவர். எதிரியிடம் பிடிபட்டவன் என்ற கறை போருக்குப் பிறகும் அவரை விடவில்லை. வடதுருவ வட்டத்துக்கு அப்பால் உள்ள நொரில்ஸ்க் நகரத்தின் சிறிய நாடக அரங்கில் பல ஆண்டுகள் நடித்தார். பிறகு வேறு வெளியூர் அரங்குகள். மாஸ்கோவுக்குப் போய் வாய்ப்புக்காக அலைந்தார். 1957-ஆம் ஆண்டில் லெனின்கிராட் மேடையில், தாஸ்தாயெவ்ஸ்கியின் ‘அசடன்’ கதையில் வரும் மிஷ்கினாக நடித்தபோதுதான் நாடு அவரைத் திரும்பிப் பார்த்தது. அப்போது அவருக்கு 32 வயது.

ஹாம்லெட்டுக்குப் பிறகு 1966-ஆம் ஆண்டில் அவர் ஏற்ற வேடம் என்ன தெரியுமா? ஒரு காப்புறுதி முகவர். ஊழல் பேர்வழிகளின் கார்களைத் திருடி விற்று, அந்தப் பணத்தை அநாதை இல்லங்களுக்கு அனுப்பும் அப்பாவி. அந்த மனிதர் மாலை நேரத்தில் தொழிலாளர் நாடகக் குழுவில் சேர்ந்து ஹாம்லெட் வேடம் போடுகிறார். தோட்டத்துக் கிராணி ஒருவர் பகலில் கணக்கெழுதிவிட்டு, திருவிழா இரவில் அரிச்சந்திரனாக மேடை ஏறியதைப் பார்த்தவர்களுக்கு இந்தக் காட்சி அந்நியமாகத் தோன்றாது.

ஸ்மொக்துனோவ்ஸ்கி 1994-ஆம் ஆண்டில் மறையும் வரை நடித்துக்கொண்டே இருந்தார். திரைப்படம் குறைந்த காலத்திலும் அவருக்கு மேடை இருந்தது. 1976-ஆம் ஆண்டு முதல் மாஸ்கோ கலை அரங்கில் அவர் நடித்தார். வயது ஏற ஏற, வயதுக்கு ஏற்ற வேடத்தை மேடை கொடுத்தது. தமிழ்த் திரைப்படக் கதாநாயகனுக்கு அந்த வசதி இல்லை. நாடகக் கம்பெனிகள் ஓய்ந்துபோன காலத்தில் கல்லூரியிலிருந்து நேரே திரைக்கு வந்தவர் ரவிச்சந்திரன். வாய்ப்பு நின்றால் வீடுதான். இருவருக்கும் இடையே உள்ள வித்தியாசத்தைத் திறமையை வைத்து மட்டும் அளந்துவிட முடியாது. காலுக்குக் கீழே மேடை இருந்ததா இல்லையா என்பதையும் பார்க்க வேண்டும்.

திரும்பி வந்தவர்

மேடை இல்லாத நிலையிலும் ரவிச்சந்திரன் திரும்பி வந்தார். அதுதான் அவருடைய வாழ்க்கையில் பெரிதாகப் பேசப்பட வேண்டிய பகுதி.

1986-ஆம் ஆண்டில் சென்னைத் திரைப்படக் கல்லூரியில் பயின்ற இளைஞர்கள் சேர்ந்து ‘ஊமை விழிகள்’ என்ற படத்தை எடுத்தார்கள். ஆபாவாணன் தயாரிக்க, அரவிந்தராஜ் இயக்கினார். விஜயகாந்த் காவல்துறை அதிகாரியாக நடித்தார். கடற்கரை விடுதி ஒன்றை நடத்திக்கொண்டு இளம்பெண்களைக் கொல்லும் கொடியவன் வேடத்துக்கு அவர்கள் ரவிச்சந்திரனை அழைத்தார்கள்.

யோசித்துப் பார்க்க வேண்டும். 22 ஆண்டுகளுக்கு முன்பு பெண்களின் மனத்தைக் கொள்ளை கொண்ட முகம். வெள்ளிவிழா நாயகன் என்ற பெயர். அழைப்பவர்களோ அனுபவம் இல்லாத மாணவர்கள். வேடமோ பார்ப்பவர்கள் அருவருக்கும் வேடம். ‘கதாநாயகனாக இருந்தவன் இதைச் செய்வதா’ என்று கௌரவம் பார்த்திருந்தால் அவர் கதை 1973-லேயே முடிந்திருக்கும். அவர் ஏற்றுக்கொண்டார். அந்த வேடத்தைச் சத்தம் போட்டுச் செய்யவில்லை. அதிகம் பேசாமல், நடையாலும் பார்வையாலும் அச்சுறுத்தினார். அழகு குறைந்ததை மறைக்காமல், அந்த முதுமையையே நடிப்பாக மாற்றினார்.

தோட்டங்களில் அப்போது வீடியோ காலம். திடலில் கட்டிய துணி மறைந்து, ஒரு வீட்டுக் கூடத்தில் இருபது பேர் கூடி ஒளிநாடாவில் படம் பார்த்தார்கள். தாயும் மகளும் பக்கத்தில் பக்கத்தில் உட்கார்ந்து அந்தப் படத்தைப் பார்த்திருப்பார்கள். மகளுக்கு அவர் பயங்கர வில்லன். தாய்க்கோ பங்களாவுக்கு முன்னால் கூடாரம் அடித்த அசோக். ஒரே மனிதரைப் பார்த்து ஒருவர் நடுங்க, இன்னொருவர் பழைய நாட்களை எண்ணிப் பெருமூச்சு விட, இரண்டையும் ஒரு நடிகர் செய்தார் என்றால் அதுவே அவருடைய வெற்றி.

அதன் பிறகு ‘குரு சிஷ்யன்’ (1988), ‘அருணாச்சலம்’ (1997), ‘பம்மல் கே. சம்பந்தம்’ (2002) என்று குணச்சித்திர வேடங்களிலும் எதிர்மறை வேடங்களிலும் அவரைப் பார்க்க முடிந்தது. தமக்குப் பின்னால் வந்து தம்மைவிடப் பெரிய இடத்துக்குப் போனவர்களின் படங்களில் அவர் முகம் சுளிக்காமல் நடித்தார். 2011-ஆம் ஆண்டு ஜூலை 25-ஆம் நாள் சென்னையில் காலமானார். நாயகனாக அவர் உச்சத்தில் இருந்தது பத்து ஆண்டுகளுக்கும் குறைவு. நடிகராக இருந்ததோ நாற்பது ஆண்டுகளுக்கும் மேல்.

இங்கே எஞ்சியிருக்கும் கேள்வி

ரவிச்சந்திரன் இந்த மண்ணில் பிறந்தார் என்று பெருமைப்படுவது எளிது. அந்தப் பெருமைக்குள் ஒரு கசப்பும் இருக்கிறது. இங்கே பிறந்தவர் அங்கே போனதால்தான் நடிகரானார். இங்கேயே இருந்திருந்தால்? அதே உயரம், அதே துடிப்பு, அதே சிரிப்பு கொண்ட பிள்ளைகள் கோலசிலாங்கூர் தோட்டங்களிலும் இருந்தார்கள். திருவிழா மேடையில் ஆடினார்கள், மணிமன்ற விழாக்களில் நாடகம் போட்டார்கள், அதோடு நின்றார்கள். அவர்களுக்குத் திறமை இல்லை என்று யாரும் சொல்ல முடியாது. அவர்களைத் தேடி ஒரு ஸ்ரீதர் வரவில்லை.

பிறகு நிலைமை கொஞ்சம் மாறியது. தோட்டத்து வாழ்க்கையையே கதையாக்கி 2005-ஆம் ஆண்டில் தீபக் குமாரன் மேனன் ‘செம்மண் சாலை’ படத்தை எடுத்தார். 2015-ஆம் ஆண்டு இறுதியில் சஞ்சய் குமார் பெருமாள் இயக்கிய ‘ஜகாட்’ வந்தது. தோட்டத்தைவிட்டு வெளியேறி நகரத்து ஓரத்தில் ஒதுங்கிய குடும்பங்களின் கதை அது. அடுத்த ஆண்டில் மலேசியத் திரைப்பட விழாவில் சிறந்த மலேசியத் திரைப்படம் என்ற விருதையும் பெற்றது. மலேசியத் தமிழனின் முகத்தை, மலேசியத் தமிழில், மலேசியத் திரையில் காட்ட முடியும் என்பதை அந்தப் படங்கள் மெய்ப்பித்தன.

ஆனால் படம் எடுப்பது மட்டும் போதாது. ஸ்மொக்துனோவ்ஸ்கிக்கு நொரில்ஸ்க்கில் கிடைத்தது போன்ற சிறிய மேடைகள் தேவை. கித்தா மரங்கள் போய்ச் செம்பனை வந்தது. செம்பனையும் பல இடங்களில் போய் வீடமைப்புப் பகுதிகள் வந்துவிட்டன. பத்தாங் பெர்ஜுந்தை பெஸ்தாரி ஜெயா ஆனது. லயம் உடைந்தபோது கோயிலை எங்கே மாற்றுவது, பள்ளியை எங்கே மாற்றுவது என்று போராடினார்கள். அது நியாயமான போராட்டம். மேடையை எங்கே மாற்றுவது என்று கேட்டவர்கள் குறைவு. திருவிழா நாடகம் நின்று, அந்த இடத்தில் வாடகைக்கு எடுத்த ஒலிபெருக்கியில் சினிமாப் பாட்டு ஒலிக்கத் தொடங்கியது.

ஒரு தமிழ்ப் பள்ளியில் ஆண்டுக்கு ஒரு நாடகம். ஒரு கோயிலில் திருவிழாவுக்கு ஓர் இரவு உள்ளூர்ப் பிள்ளைகளுக்கு. இதற்குப் பெரிய பணம் தேவையில்லை. பிள்ளையின் கையில் கைத்தொலைபேசி இருக்கிறது, அதிலேயே படம் எடுத்து உலகத்துக்குக் காட்டிவிடுகிறான். ஒரே நாளில் புகழ் வருகிறது. அது முதல் படத்திலேயே வெள்ளிவிழா கண்டதைப் போன்றது. அடுத்த மாதம் யாரும் பார்க்காமல் போகும்போது அவன் எங்கே போய் நிற்பான்? கூட்டம் குறைந்த நாளிலும் வசனம் பேசிப் பழக ஒரு மேடை இருந்தால் அவன் உடைந்துபோக மாட்டான்.

முதல் வெற்றியைக் காலம் கொடுக்கலாம், ஒரு நல்ல இயக்குநர் கொடுக்கலாம், அதிர்ஷ்டமும் கொடுக்கலாம். இரண்டாவது வருகையை நடிகன்தான் உழைத்து வாங்க வேண்டும். கோலாலம்பூரில் பிறந்த ராமன் அதை வாங்கிக் காட்டினார். அவரைத் திடலில் உட்கார்ந்து ரசித்த தலைமுறையின் பேரப்பிள்ளைகளுக்கு இங்கேயே ஒரு மேடை போட்டுக் கொடுப்பது பெரியவர்களின் பொறுப்பு.